பனிக் கொம்பனுக்கு வைக்காத கண்ணி

"ஹலோ… கேக்குது ஹனா, கேக்குது. ஃபோன ஸ்பீக்கர்ல போட்டுட்டேன், ரெண்டு கையும் கேம்லதான் இருக்கு… ஆமா, ஆமா, குகைக்குள்ள ஓடிட்டான். நொண்டுறான் பாத்தியா… வந்துட்டேன் லா."

சூலியா தெருவில் வெள்ளிக்கிழமை ஜும்ஆ நேரம். காசு மாற்றும் கடையின் கதவை இழுத்துவிட்டு அத்தாவும் அண்ணனும் பள்ளிவாசலுக்குப் போயிருந்தார்கள். மாடியில் மஹ்பூபா தனியாக இருந்தாள். கல்யாணமாகி ஜப்பானுக்குப் போய்விட்ட தங்கையோடு விளையாட வாரத்தில் அவளுக்குக் கிடைப்பது இந்த ஒரு மணி நேரம்தான். பனிக் கொம்பன் என்று இருவருமாகப் பெயர் வைத்த அந்த மிருகத்தைப் பிடித்ததும் கேமை விட்டுவிடப் போவதாக ஹனா சொல்லியிருந்தாள்.

"கண்ணியா… இருக்கு, இருக்கு. உன்கிட்டதான் தீந்துபோச்சே, நானே வைக்கிறேன்… அய்யோ. விரட்டுற குண்டு போயிடுச்சி. பட்டன் மாறிடுச்சி லா… ஆமா, ஓடிட்டான்… தெரியும், நாலாவது தடவ. திட்டாத."

பட்டன் ஒன்றும் மாறவில்லை. பொய் சொல்லும்போது மஹ்பூபாவின் குரல் தானாகவே இறங்கிவிடும். கூடப் பிறந்தவளுக்கு அது தெரியாதா என்ன.

"என்ன… இல்ல. வேணும்னு ஏன் போடப் போறேன்… இல்லன்னு சொல்றேன்ல… சரி. ஆமா, வேணும்னுதான் போட்டேன். அவன் மாட்டிக்கிட்டா நீ கேம விட்டுடுவே. அப்புறம் வெள்ளிக்கிழமைன்னா எனக்கு என்ன இருக்கு? சோத்த ஆக்கி வச்சிட்டு செவுத்த பாத்துக்கிட்டு உக்காரணும்… பேசு லா… ஹனா?"

திரையில் இரண்டு வேட்டைக்காரிகளும் ஆளுக்கொரு பக்கம் பார்த்தபடி பனியில் நின்றார்கள்.

"என்னது… உன் பையிலயா? தீந்துபோச்சுன்னு சொன்னியே… அஞ்சு கண்ணியா? எப்பத்துலேருந்து… மூணு வாரமா… அப்ப ஏன் விடப் போறேன்னு… ஓ. மாப்பிள்ளை சொன்னாரா, இதோட முடிச்சிக்கன்னு… ம்… ம்… அழாத. பேச ஆளே இல்லையா அங்க? பக்கத்து வீட்டுல… ஒருத்தருமா? நல்லா இருக்கேன், நல்லா இருக்கேன்னுதானே சொல்லிக்கிட்டு இருந்தே."

தனக்குத்தான் யாருமில்லை என்று இத்தனை வாரமும் நினைத்தது மஹ்பூபாவுக்கு வெட்கமாக இருந்தது. கீழே கடைக் கதவு கடகடவென்று மேலே ஏறியது.

"அத்தா வந்துட்டாரு, சோறு போடணும்… கேளு, கேளு. மாப்பிள்ளை கேட்டா இன்னும் பிடிபடலன்னு சொல்லு. பொய் இல்லையே… ஆமா, அடுத்த வெள்ளி. பாங்கு சொன்னதும்… நீ மொதல்ல ஃபோன வை… இல்ல, நீ வை… ஹனா?"

லைன் போயிருந்தது. திரையில் ஹனாவின் வேட்டைக்காரியும் இல்லை. மஹ்பூபா கேமில் தன் பையைத் திறந்து, மிச்சமிருந்த இரண்டு கண்ணிகளையும் அழித்தாள். பிறகு மீன் குழம்பைச் சூடாக்கப் போனாள்.