அதிகாரி குடித்த டம்ளர்

பஸ்ஸில் தூங்குவதுபோல் நடித்து அடுத்தவர் பேச்சை ஒட்டுக் கேட்பது என் நெடுநாள் கெட்ட பழக்கம். அதனால்தான் போன வாரம் ஆரப்பாளையத்தில் ஏறி, பரவையில் இறங்க வேண்டியவன் சோழவந்தான் வரை போய்ச் சேர்ந்தேன். முன் சீட்டில் இரண்டு இளைஞர்கள். ஒருவர் மடியில் ஆபீசுக்குக் கொண்டுபோன டிபன் டப்பா.

“என் டம்ளர்லதான் மாப்ள அதிகாரி தண்ணி குடிச்சாரு!” என்றார் டப்பாக்காரர்.

“உன் டம்ளரா?”

“ஆமா. வேலைக்குச் சேந்த அன்னைக்கே, நம்ம சாதிக்காரன் பொது டம்ளரைத் தொடக்கூடாதுன்னு எனக்குத் தனியா ஒண்ணு வாங்கி வச்சாருல்ல சூப்பிரண்டு? புது எவர்சில்வர். மத்தது அம்புட்டும் நசுங்குன அலுமினியம். நேத்து இன்ஸ்பெக்சன். பியூன் பாத்தாரு, பளபளன்னு இருந்தது என்னோடது ஒண்ணுதான்!”

“சூப்பிரண்டு ஒண்ணும் சொல்லலையா?”

“அதிகாரிகிட்ட என்னத்தச் சொல்வாரு? அதிகாரி போனதும், பெரியவங்க குடிச்சதுன்னு அதைத் தன் மேசையிலயே வச்சுக்கிட்டாரு.”

“அப்ப உனக்கு?”

“பொது டம்ளர்தான். இன்னைக்கு எல்லாரும் பாக்க மொண்டு குடிச்சேன். எவனாச்சும் வாயத் தொறக்கட்டும், சூப்பிரண்டு மேசையில இருக்கிற என் டம்ளரைத் திருப்பிக் கேப்பேன்ல!”

இருவரும் சிரித்த சிரிப்பில் எனக்குத் தூங்குவதுபோல் நடிப்பதே பெரும்பாடாகிவிட்டது.

வீட்டுக்கு வந்து மனைவியிடம் சொல்லிச் சொல்லிச் சிரித்தேன்.

“சிரிச்சது போதும்,” என்றாள். “வேலைக்காரம்மாவுக்குன்னு நீங்க வாங்கி வச்ச டம்ளர் கொல்லைச் சன்னல்ல இருக்கு. அதை எடுத்து உள்ள வைங்க.”