தலைக்கு மேலே இருந்த மெசின்

பொகவந்தலாவையில் வேலை எதுவும் கிடைக்காததால் ஹட்டன் போகும் காலை பஸ்ஸில் ஏறினேன். உட்கார இடமில்லை. கம்பியைப் பிடித்து நின்றபோது, பக்கத்து இருக்கையில் ஒரு பெண் சத்தமாகவே சொன்னாள்:

"மெசின் எங்க தலைக்கு மேல இருந்துச்சு. அதுக்காக எங்க கையில இருந்துச்சுன்னு ஆயிருமா?"

அன்று அவள் கணவனுக்கு வழக்கு. தேயிலைத் தோட்டத்தில் களவுபோன புல்வெட்டும் மெசினை, பன்னிரண்டு வீடுகள் ஒரே கூரையின் கீழ் வரிசையாக நிற்கும் லயத்தில், அவர்கள் வீட்டுக் கூரைக்கு அடியிலிருந்து எடுத்த பொலிஸ் அவனை மறியலில் அடைத்திருக்கிறது. கூட வந்தவள் அடுத்த வீட்டுக்காரி, கொஞ்சம் மூத்தவள். சாட்சி சொல்லப் போகிறாள்.

"அக்கா, நடுச்சுவரு கூரை வரைக்கும் போகல. பன்னெண்டு வீட்டுல எதுல ஏறினாலும் எங்க பக்கம் தள்ளி விட்டுறலாம். நம்ம லோயர் கோர்ட்டுல அதைத்தான் கேப்பாரு. நீங்க ஆமான்னு சொன்னா போதும், அவரு மறியல்ல இருந்து வந்துருவாரு."

"சொன்னா, எங்க வீட்டுல இருந்தும் தள்ளியிருக்கலாம்னு ஆகுதே புள்ள."

"ஆகட்டுமே. பன்னெண்டு வீட்டையும் உள்ள போட்டா, தோட்டத்துத் தொரைதான் கூடையை மாட்டிக்கிட்டு கொழுந்து பறிக்கணும்."

மூத்தவள் சிரித்தாள். பஸ் இரண்டு வளைவு தாண்டியதும் சொன்னாள்:

"சரி, சொல்றேன். நீ மொளகா வறுத்தா எங்க வீட்டுல நாலு பேரும் தும்முறோம்னு சொல்றேன். நம்பலன்னா, நீதவான் ஐயா ஒரு நாளைக்கு எங்க வீட்டுல வந்து உக்காரட்டும்."