மருது போட்ட பூட்டு

இந்த டீ கிளாஸின் விளிம்பில் இன்னொருவருடைய உதட்டு அடையாளம் இருக்கிறது மேடம். குறையாகச் சொல்லவில்லை. ஸ்டேஷனுக்கு எத்தனையோ பேர் வருகிறார்கள், போகிறார்கள்; ஒவ்வொரு கிளாஸையும் யார் தேய்த்துக் கழுவிக்கொண்டிருப்பது? நான் குடிக்கவில்லை, அவ்வளவுதான். நாலு தாள் கொடுத்தீர்கள், அது போதும். உங்கள் ஏட்டு எழுதிய அறிக்கையை நேற்று ஆலையில் வாசித்துக் காட்டினார்கள். அதில் ஒரு தவறு இருக்கிறது. அதைத் திருத்தத்தான் காலையிலேயே திருநகரிலிருந்து பஸ் ஏறி வந்தேன்.

ஆலைத் தொழிலாளி மருது பூட்டுப் போடாமல் மிக்ஸருக்குள் இறங்கினான், அது தெரியாமல் எலக்ட்ரீசியன் கண்ணுச்சாமி மெயின் சுவிட்சைத் தூக்கிவிட்டான் என்று எழுதியிருக்கிறீர்கள். மருது செத்துப்போனான். கண்ணுச்சாமி மூன்று நாளாக உங்கள் லாக்கப்பில் இருக்கிறான். அவனை விடுவதா வைப்பதா என்று இதை வாசித்தபின் நீங்கள் முடிவு செய்யலாம். ஆனால் மருது பூட்டுப் போடவில்லை என்பது பொய். நான் பாதுகாப்பு அலுவலராக இருந்த ஏழு வருடத்தில், முதல் வருடம் தவிர, எங்கள் ஆலையில் யாரும் பூட்டுப் போடாமல் எந்திரத்துக்குள் இறங்கியதில்லை.

எங்களுடையது மாட்டுத்தீவன ஆலை. சோழவந்தான் பக்கம் போகிறவர்கள் வாசனையை வைத்தே கண்டுபிடித்துவிடுவார்கள். தவிடும் புண்ணாக்கும் மொலாசஸ் என்கிற கரும்புக் கழிவுப் பாகும் ஒன்றாகக் கலக்கிற மிக்ஸர், ஓர் ஆள் நின்றால் தலை மட்டும் தெரிகிற ஆழத்துக்கு இரும்புத் தொட்டி. உள்ளே திருகுத் திருகாக எஃகுப் பட்டைகள் சுற்றும். வாரத்துக்கு ஒருமுறை அந்தப் பட்டைகளில் பிசின் மாதிரி ஒட்டிக் கிடப்பதைச் சுரண்டி எடுக்க ஆள் இறங்க வேண்டும். புளித்த நாற்றம், கரப்பான்கள், சில சமயம் புழு. நான் மூக்கில் கைக்குட்டையைக் கட்டிக்கொண்டு மேலே நின்று பார்ப்பேன். அதற்கே இரண்டு நாள் சோறு இறங்காது.

நான் போய்ச் சேர்ந்தபோது அங்கே ஒழுங்கு என்று ஒன்று கிடையாது. ஒருவன் உள்ளே இருப்பான், இன்னொருவன் "ஏய், ஆள் இருக்கா?" என்று கத்திவிட்டு சுவிட்சைப் போடுவான். நான்தான் பூட்டு முறையைக் கொண்டுவந்தேன். இறங்குகிறவன் முதலில் மெயின் சுவிட்சை அணைக்க வேண்டும். அதன் கைப்பிடியில் தன்னுடைய சிவப்புப் பூட்டைப் போட வேண்டும். பூட்டில் தன் பெயரும் படமும் உள்ள அட்டையை மாட்ட வேண்டும். ஸ்டார்ட் பட்டனை ஒருமுறை அமுக்கி, எந்திரம் செத்துக் கிடக்கிறதா என்று பார்க்க வேண்டும். சாவி அவன் மடியில் இருக்க வேண்டும். வேறு யாரும் அந்தப் பூட்டைத் திறக்கக் கூடாது, முதலாளி ஆனாலும் சரி. இதை அவர்கள் மண்டையில் ஏற்ற எனக்கு ஒரு வருடம் ஆனது.

நன்றாக ஏறியது மருதுவின் மண்டையில்தான். அதை நான் ஒத்துக்கொள்ள வேண்டும். அவனைப் பற்றி வேறு எதுவும் நல்லதாகச் சொல்ல எனக்கு வரவில்லை. எந்நேரமும் வாயில் வெற்றிலை. பேசினால் தெறிக்கும். அவன் பூட்டு அட்டையில் படத்துக்குப் பதில் காவிக் கறைதான் இருக்கும். மாதத்துக்கு ஒருமுறை புது அட்டை கொடுப்பேன், மூன்றாம் நாள் அதுவும் அப்படித்தான். சார் என்று கூப்பிடச் சொல்லிப் பார்த்தேன். சரிங்கண்ணே என்றான்.

இரண்டு மாதம் முன்னால் ஒரு நாள், மிக்ஸரில் பூட்டைப் போட்டுவிட்டுச் சாப்பிடப் போனவன் ஒரு மணி நேரமாகத் திரும்பவில்லை. லோடு லாரி வாசலில் நின்றது. எங்கள் முதலாளி கனகலட்சுமி அம்மாள் சத்தம் போட்டார்கள். அந்தப் பூட்டுகளை வாங்கியபோது ஒவ்வொன்றுக்கும் மூன்று சாவி வந்தது. ஒன்றை ஆளிடம் கொடுத்துவிட்டு மற்ற இரண்டையும் உடைத்துப் போட வேண்டும். நான் உடைக்கவில்லை. என் மேஜை டிராயரில் பெயர் எழுதி வரிசையாக வைத்திருந்தேன். தொட்டியில் ஆள் இல்லை என்று எட்டிப் பார்த்துவிட்டு, மருதுவின் பூட்டைத் திறந்து மிக்ஸரை ஓடவிட்டேன். அதில் தவறு இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.

திரும்பி வந்தவன், பூட்டுகளை மாட்டிவைக்கிற பலகையில் தொங்கிய தன் பூட்டையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தான். பத்துப் பேர் நின்றார்கள்.

"அண்ணே, எம்பூட்டுக்கு ஒங்ககிட்ட ஒரு சாவி இருக்குன்னா, உள்ள எறங்குறது என் உசுரா, ஒங்க உசுரா?" என்று கேட்டான்.

கேட்கும்போது வாயிலிருந்து ஒரு துளி வந்து என் சட்டைப் பையின் மேல் விழுந்தது. வெள்ளைச் சட்டை. யாரோ சிரித்தார்கள். நான் அறைக்குப் போய் சோப்புப் போட்டுத் தேய்த்தேன். போகவில்லை. அந்தச் சட்டையை எரித்துவிட்டேன்.

அவன் தொழிற்சாலை ஆய்வாளரிடம் சொல்லிவிடுவான், என் வேலை போய்விடும் என்று நான் பயந்ததாக நீங்கள் நினைக்கலாம். அப்படி இல்லை. மறுநாளே டிராயரிலிருந்து அவன் பெயர் போட்ட சாவி ஒன்றை எடுத்து எல்லார் முன்னாலும் அவன் கையில் கொடுத்தேன். "இதான்ப்பா இன்னொரு சாவி. இனி எங்கிட்ட எதுவும் இல்ல" என்றேன். அவனுக்குக் கண் கலங்கிவிட்டது. இரண்டு சாவியையும் அரைஞாண் கயிற்றில் சேர்த்து முடிந்துகொண்டான். அப்புறம் என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டான். "நானும் அம்புட்டுப் பேரு முன்னாடி பேசிப்புட்டேன். மனசுல வச்சுக்காதீகண்ணே. ஒங்க மேல எனக்கு ஒண்ணுமில்ல" என்றான்.

என்னை அவன் மன்னித்தான். விரல் நகத்தில் சுண்ணாம்பும், உள்ளங்கையில் மொலாசஸ் பிசுக்குமாக என் கையைப் பிடித்துக்கொண்டு மன்னித்தான். அன்றிலிருந்து சாப்பிடக் கை நீட்டினால் அந்தப் பிசுக்கு ஞாபகம் வரும். என் வீட்டில் கேட்டார்கள், ஏன் ஸ்பூனில் சாப்பிடுகிறீர்கள் என்று. காரணம் சொல்லவில்லை. சொன்னால் அவர்களுக்கும் சோறு இறங்காது.

ஆயுத பூஜைக்கு எங்கள் ஆலையில் ஒரு வழக்கம் உண்டு. ஸ்பேனர், சுத்தியல், தராசு எல்லாவற்றையும் கழுவிச் சாமி படத்தின் முன்னால் வைப்பார்கள். நான் பூட்டுகளைக் கொண்டுவந்த முதல் வருடம் கனகலட்சுமி அம்மாள், "உசுரக் காக்குற பூட்டும் ஆயுதந்தான தம்பி, அதையும் கொண்டாந்து வைங்க" என்றார்கள். அதிலிருந்து பலகையில் இருக்கிற அத்தனை பூட்டையும் தாம்பாளத்தில் அடுக்கிக் கொண்டுபோவது என் வேலை. ஒவ்வொன்றுக்கும் சந்தனமும் குங்குமமும் வைப்பார்கள். பூஜை முடிந்ததும் திருஷ்டிப் பூசணிக்காயை உடைத்து, கண்ணுச்சாமி மெயினைத் தூக்க, அம்மாள் தன் கையால் பச்சைப் பட்டனை அமுக்கி மிக்ஸரை ஒரு சுற்று ஓடவிடுவார்கள். அந்தச் சுற்று நல்லபடி ஓடினால் வருடம் முழுக்க நல்லபடி ஓடும் என்று அவர்களுக்கு ஒரு நம்பிக்கை.

இந்த வருடம் காலை ஒன்பது மணிக்கு மருது மிக்ஸரைச் சுத்தம் செய்ய இறங்கினான். மெயினை அணைத்தான், பூட்டைப் போட்டான், அட்டையை மாட்டினான், பட்டனை அமுக்கிப் பார்த்தான். நான் பக்கத்தில் நின்று பார்த்தேன். ஒரு குறை சொல்ல முடியாது. பத்தரைக்கு, "போதுமாண்ணே, பூஜைக்கு ஏறி வாரேன்" என்றான். "அடிப்பட்டையில இன்னும் ஒட்டியிருக்கு. அதை முடி. நேரம் ஆனதும் நானே வந்து கூப்பிடுறேன்" என்றேன். அடிப்பட்டையில் ஒன்றும் ஒட்டியிருக்கவில்லை.

பலகையில் இருந்த பூட்டுகளைத் தாம்பாளத்தில் அடுக்கினேன். மருதுவின் பூட்டு பலகையில் இல்லை, சுவிட்சில் இருந்தது. ஒரு பூட்டுக்கு மூன்று சாவி என்று முன்னாலேயே எழுதியிருக்கிறேன். அவன் இடுப்பில் இரண்டு. மூன்றாவது என்னிடம் இருந்தது.

பூஜையில் அம்மாள், "மருதுவை எங்க காணோம்?" என்று கேட்டார்கள். "பொரி பத்தாதுன்னு வாங்கப் போயிருக்கான்" என்றேன். கண்ணுச்சாமி மெயின் பக்கம் போனவன் சுவிட்சை நன்றாகக் குனிந்து பார்த்தான். அவனுக்கும் நான்தான் சொல்லிக்கொடுத்தேன். பூட்டு இருந்தால் தொடாதே, இல்லையென்றால் தூக்கு. பூட்டு இல்லை. தூக்கினான். அம்மாள் பச்சைப் பட்டனை அமுக்கினார்கள். அவன் மேல் ஒரு தவறும் கிடையாது. ஸ்பீக்கரில் பாட்டு சத்தமாக ஓடிக்கொண்டிருந்ததால் யாருக்கும் எதுவும் கேட்கவில்லை. தொட்டியின் அடிவாயில் கசிந்ததை முதலில் ஆரத்தித் தண்ணீர் என்று நினைத்து ஒரு பெண் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். அதைப் பார்த்துவிட்டு நான் பின்பக்கம் போய் வாந்தி எடுத்தேன்.

அப்புறம் நீங்கள் வந்தீர்கள். தாம்பாளத்தில் சந்தனப் பொட்டோடு மருதுவின் பூட்டு இருந்தது, சாவிகள் அவன் இடுப்பில் இருந்தன. அவனே பூட்டைப் பூஜைக்குக் கொடுத்துவிட்டு இறங்கியிருக்கிறான் என்று எல்லாரும் சொன்னார்கள். அவன் பெண்டாட்டி அன்னக்கொடி மட்டும் வாசலில் விழுந்து புரண்டு, மூக்கைச் சேலைத்தலைப்பில் துடைத்துத் துடைத்து, "பூட்டுப் போடாம அந்த மனுசன் எறங்க மாட்டாருய்யா" என்று கத்திக்கொண்டிருந்தாள். பார்க்கச் சகிக்கவில்லை. ஆனால் அவள் சொன்னது உண்மை.

நான் சுவிட்சைத் தொடவில்லை. பட்டனை அமுக்கவில்லை. நான் செய்தது, ஒரு பூட்டைத் திறந்து எடுத்தது மட்டும். கொலை என்று நீங்கள் எழுதிக்கொள்ளலாம், நான் கையெழுத்துப் போடுகிறேன். என் ஆட்களுக்குப் பாதுகாப்பு முறை தெரியாது என்று மட்டும் எழுதாதீர்கள்.

இன்னும் ஒன்று. பூட்டைக் கழற்றும்போது ஒரு பாட்டு முடிந்து அடுத்தது தொடங்கவில்லை. இரும்பு உரசிய சத்தம் தொட்டிக்குள் கேட்டிருக்க வேண்டும். சுரண்டுவதை நிறுத்திவிட்டு மருது கேட்டான்.

"அண்ணே, எம்பூட்டு கெடக்குல்ல?"

"கெடக்கு மருது. நீ பாட்டுக்கு வேலையப் பாரு" என்றேன்.

அவன் திரும்பச் சுரண்ட ஆரம்பித்தான். எழுந்து எட்டிக்கூடப் பார்க்கவில்லை. என் வார்த்தையை அந்த அளவுக்கு மதிக்கும்படி நான் அவர்களைப் பழக்கி வைத்திருந்தேன் மேடம்.