ஒரு மாறுதல் ஆணையை மறித்து நின்ற ஹெர்மெலிந்தா அம்மையாருக்கு

வில்காமார்கா மலைப்பள்ளியின் மாண்பே! சட்டமும் சமையலும் சரிவரத் தெரிந்த எங்கள் சங்கச் செயலாளரே! ஆண்டீஸ் மலைப் பனிக்கும் அலுவலக அதிகாரத்துக்கும் அஞ்சாத அம்மையீர்! தங்கள் பணிநிறைவு நாளில் வணங்குகிறோம்.

பாராட்டை எங்கள் பிழையிலிருந்து தொடங்குகிறோம். 'எங்கள்' என்பது வெட்கத்தைப் பங்கிட்டுக்கொள்ளத்தான். பிழை செய்தவன் இம்மடலை வாசிக்கும் கணக்காசிரியன் எலியோடோரோ ஒருவனே.

சென்ற மாதம் நடந்த பணிமாறுதல் கலந்தாய்வில், 'உபரி ஆசிரியர்' என்று நம் நோர்காவின் பெயரை அழைத்தார்கள். அவரோ கைக்குழந்தைக்குப் பாலூட்ட வெளியே போயிருந்தார். மூன்றாம் அழைப்புக்கும் ஆளில்லாவிட்டால் என்ன ஆகுமோ என்று பதறி, வருகைப்பதிவு எடுத்தே பழகிப்போன என் வாய் "உள்ளேன் ஐயா!" என்று கத்திவிட்டது.

"ஏத்துக்கிட்டாங்க. அடுத்த பேரு!" என்றார் கலந்தாய்வுக் குழுத்தலைவர் பாரியோஸ். ஏற்றுக்கொள்ளப்பட்டதோ, லாரியும் படகும் மாறிப் போகவேண்டிய காட்டுப்பள்ளி!

"என்னைக் காட்டுக்கு அனுப்பிட்டு நீங்க இங்க உருளைக்கிழங்கு சூப் குடிப்பீங்களா, எலியோ சார்?" என்று ஓடிவந்து அழுதார் நோர்கா.

அப்போது எழுந்தீர்கள் தாங்கள்!

"கொஞ்சம் பொறுங்க தலைவரே. சார் கத்துனது சாரோட மடத்தனம். அது எப்படி அந்தப் பொண்ணோட சம்மதமாகும்? அவ உபரின்னா, ஏன்னு எழுத்துல குடுத்தீங்களா? அவ பக்கத்தைக் கேட்டீங்களா?"

"பாக்கலாம் டீச்சர்."

"பாக்கலாங்கிறது எந்தச் சட்டத்துல வருது?"

தங்கள் ஓய்வூதியக் கோப்பும் அதே மனிதரின் மேசையில்தான் கிடந்தது. தாங்களோ அமரவில்லை.

புதிய இடத்துக்குப் போனால் மாறுதலை ஏற்றதாகிவிடும். போகாவிட்டால் பணியைக் கைவிட்டதாகிவிடும். இரண்டுக்கும் நடுவே சிக்கிய நோர்காவிடம், "மேல்முறையீடு குடுத்தாச்சு. முடிவு வர்ற வரைக்கும் ஒரு அடி நகராதடி" என்றீர்கள். கோக்கா இலைத் தேநீர்க் குடுவையோடு அலுவலக விசுப்பலகையில் நாள்தோறும் அமர்ந்தீர்கள். தங்கள் பணியின் கடைசி நாள் நெருங்க நெருங்க, எங்களுக்கு உறக்கம் போயிற்று. தாங்கள் போனபின் அந்த விசுப்பலகையில் அமரும் துணிவு எங்களுள் எவருக்கு? நான் கேட்டால் "அடுத்த வாரம் வாங்க சார்" என்பதே அங்கே பதில்.

முப்பதாண்டுக்கு மேல் முகம் சுளிக்காது கற்பித்தவரே! முறையற்ற ஆணைக்கு முதுகு வளையாதவரே! மூட்டுவலி மலையிறங்கி ஓட, முதுமை வாசலுக்கு வெளியே காத்துக்கிடக்க, பேரன்பு சூழப் பல்லாண்டு வாழ்க!

இன்னும் ஒரு செய்தி. தங்கள் தலையில் தூவ வண்ணக் காகிதம் வாங்கும் சாக்கில், இன்று காலை மீண்டும் அலுவலகம் போனேன். தங்களிடமும் நோர்காவிடமும் இந்தக் கணம்வரை சொல்லவில்லை. பாரியோஸ் முதன்முறையாக என் முகத்தைப் பார்த்துப் பேசினார்:

"சம்மதமும் வாங்கல, விசாரணையும் நடத்தல. அந்த மாறுதல் செல்லாது சார். நோர்கா டீச்சர் எங்கயும் போக வேண்டாம்."

இங்ஙனம்,
ஒருவரும் குறையாத
வில்காமார்கா பள்ளி ஆசிரியர்கள்