திரைக்கு அடியில் வந்த முடிச்சுகள்

இந்த வீட்டுக்கு வாடகையை நான் ஒரு மாதம்கூடப் பிந்திக் கொடுத்ததில்லை. வேண்டுமானால் வீட்டுக்காரரைக் கேட்டுப் பாருங்கள், சேக் இஸ்மாயில் அண்ணே. ஜமாஅத்துக்குத் தலைவர் நீங்கள். மேலூரிலிருந்து வந்த புகாரை விசாரிக்க வந்திருக்கிறீர்கள். உட்காருங்கள். மறைக்க என்னிடம் ஒன்றும் இல்லை.

தம்பி முஜிபுர் ரஹ்மான் இருந்தவரை இது அவன் குடியிருந்த வீடு. யுத்தம் முடிந்த கையோடு இந்தத் தெற்குவாசல் பக்கம் வாடகை கண்டபடி ஏறியது. வீட்டுக்காரர் காலி செய்யச் சொல்லி வழக்குப் போட்டு ஜெயித்தார். தம்பி அப்பீல் செய்தான். அப்பீல் முடியும்வரை குடியிருக்கலாம். ஆனால் மாதாமாதம் வாடகையைக் கோர்ட்டில் கட்டிவிட வேண்டும், தவறினால் அப்பீல் தள்ளுபடி என்று உத்தரவு. அவன் ஒழுங்காகக் கட்டி வந்தான். பிறகு விஷக்காய்ச்சல் கண்டு மவுத்தாகிவிட்டான்.

அவன் மனைவி சபுரா அப்போது கர்ப்பிணி. புருஷனை இழந்தவள் இத்தா இருக்க வேண்டும். பிள்ளை உண்டாகியிருந்தால் பிரசவம்வரை. அதுவரை வீட்டை விட்டு வெளியே வரக்கூடாது, நிக்காஹ் செய்யக்கூடிய எந்த ஆணின் முகத்திலும் விழிக்கக்கூடாது. நானும் அப்படி ஓர் ஆண்தான். அதனால் இதோ இந்த அறைவாசலில் திரை கட்டினாள். தொப்பி தைத்து விற்ற காசைப் பச்சைத் துணியில் முடிந்து, திரைக்கு அடியில் தள்ளுவாள். அதைக் கொண்டுபோய்க் கோர்ட்டில் கட்டுவது என் பொறுப்பு.

"வீடு தங்குச்சுன்னா போதும், பெரிய மச்சான். தொப்பி தச்சே பொழைச்சுக்குவேன். யாரு வீட்டுலயும் போயி நிக்க மாட்டேன்," என்றாள்.

யாரு வீடு என்றாள் பாருங்கள். எனக்கும் ஒரு வீடு இருந்தது. நான் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஏன் என்று நீங்கள் யாரும் கேட்டதும் இல்லை. மேலூரில் சபுராவைப் பெண் பார்த்தது எனக்காக. பார்த்துவிட்டு வந்த பிறகு என் அத்தா மனம் மாறி, தம்பிக்குப் பேசி முடித்துவிட்டார். நிக்காஹ் அன்று பந்தியில் நெய்ச்சோறு பரிமாறியது நான்தான். அன்று நெஞ்சு வலித்தது, இன்றும் வலிக்கிறது. சொல்ல எனக்கு வெட்கமில்லை.

வீடு தங்கினால் அவள் என்னிடம் வரமாட்டாள் என்று அன்றே புரிந்துவிட்டது. ஆகவே நான் கட்டவில்லை. பணத்தில் ஒரு தம்பிடி தொடவில்லை; முடிச்சுகளை அவிழ்க்கக்கூட இல்லை. பெட்டியில் பத்திரமாக வைத்திருந்தேன். "கட்டிட்டீகளா மச்சான்?" என்று ஒவ்வொரு மாதமும் கேட்பாள். கட்டிவிட்டேன் என்பேன். "அல்லா உங்களுக்கு பரக்கத்தைத் தரட்டும்," என்பாள்.

அப்பீல் தள்ளுபடியாகி, வீட்டைக் காலி செய்து வீட்டுக்காரரிடம் ஒப்படைக்கக் கோர்ட் சேவகர் அமீனா வந்த காலையில், வண்டிக்காரன் முத்திருளனின் மாட்டுவண்டியை நான் வாசலில் தயாராக நிறுத்தியிருந்தேன். நாலு பக்கமும் துணி கட்டி, உள்ளே வைக்கோல் பரப்பி மெத்தையும் போட்டிருந்தேன். வேறு எவன் இவ்வளவு பார்த்துச் செய்வான்? கோர்ட்டில் ஏதோ தப்பு நடந்துவிட்டது என்று அவளிடம் சொன்னேன். நம்பினாள். ஆனால் இத்தாவில் என் வீட்டுக்கு வருவது முறையில்லை, அத்தா வீட்டுக்கு அனுப்பிவிடுங்கள் என்றாள்.

"மேலூருக்கா? வண்டி நம்ம வீட்டுக்குத்தான் பேசுனது," என்றேன்.

முத்திருளன் குறுக்கே வந்தான். "அதுக்கென்ன பாய், அந்தத் தாயி இருக்குற நெலமையைப் பாருங்க. நான் மேலூருல விட்டுட்டு வாரேன். காசு எதுவும் கூட வேணாம்."

நான் அவனை ஒரு பார்வை பார்த்தேன். அடங்கிவிட்டான்.

சபுரா வெள்ளைத் துப்பட்டியை இழுத்து மூடிக்கொண்டு மேலூர்ப் பக்கம் நடக்க ஆரம்பித்தாள். பகலில் தனியாகத் தெருவில் கால் வைத்தறியாதவள். முக்குத் திரும்புமுன் வந்துவிடுவாள் என்று நின்றேன். வெயில் ஏறியதும் வண்டியைச் சுவர் நிழலுக்கு மாற்றச் சொல்லி, அந்திவரை காத்திருந்தேன். ஒத்தக்கடைக்கு அப்பால் ரோட்டோரம் கிடந்தவளை யாரோ தூக்கிப் போட்டுக்கொண்டு போய் மேலூரில் சேர்த்தார்களாம். அன்றே குறைமாதத்தில் பிரசவம். ஆண் பிள்ளை, தம்பி ஜாடை என்றார்கள். விடியும்வரை உயிர் தங்கவில்லை. கேள்விப்பட்டதும் நான் அழுதேன், அண்ணே. என் ரத்தமல்லவா. அவள் பிடிவாதம் பிடிக்காமல் வண்டியில் ஏறியிருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது.

பிரசவத்தோடு இத்தா முடிந்துவிடுகிறது. ஆகவே மறுவாரமே நிக்காஹ் கேட்டு ஆள் அனுப்பினேன். மணப்பெண்ணுக்குரிய மஹராக அவள் தந்த முடிச்சுகளையே அவிழ்க்காமல் கொடுத்தனுப்பினேன். தைத்துச் சேர்த்த காசு வீணாகவில்லை என்று தெரிந்தால் அவளுக்கு ஆறுதலாக இருக்குமென்று நினைத்தேன். புகாரோடு திரும்பி வந்து இப்போது உங்கள் மடியில் இருப்பவை அந்த முடிச்சுகள்தான். பச்சைத் துணியைப் பார்த்ததும், "இதுக்குள்ள எம்புள்ளையைல்ல முடிஞ்சு வச்சிருக்காரு," என்றாளாம். துக்கத்தில் பேசுவதை நாம் பெரிதாக எடுத்துக்கொள்ளக் கூடாது.

ஆமாம், நான்தான் கட்டவில்லை. கட்டினேன் என்று அவளிடம் பொய் சொன்னதும் நான்தான். ஜமாஅத் என்ன தண்டனை சொன்னாலும் ஏற்கிறேன். ஆனால் வீட்டுக்காரர் கேட்ட இரட்டை வாடகைக்குத் தலையாட்டி, என் சொந்த வீட்டைப் பூட்டிவிட்டு, நான் இங்கே குடியிருப்பது யாருக்காக? அவள் ஊசி குத்தி வைத்த திரையைக்கூடக் கழற்றவில்லை. மேலூருக்குப் போனால் சபுராவிடம் சொல்லுங்கள், அண்ணே. வாடகை பாக்கி இல்லை. இந்த வீட்டை விட்டு இனி யாரும் அவளை வெளியேற்ற முடியாது.