கூர்ஷா ஜெனரல் ஜெர்மனி போறான்

அட, பைய வராந்தா மூலையில வைக்காதே கண்ணு, அது இவன் படுக்குற எடம். வந்த அன்னைக்கே எடத்தப் பிடுங்கிட்டாளேன்னு பாக்குறான் பாரு. இந்தப் பக்கம் வை. ஆங், இவனோட காகிதமெல்லாம் சரியா இருக்குன்னு சொன்னியே. நல்லாப் பாத்தியா? முத்திரையப் பாத்தியா? முந்தாநாள் நாய வெளிநாடு அனுப்ப அனுமதி குடுக்குற ஆபீசுல டாக்டர் குத்துன முத்திரை பாதிதான் விழுந்துச்சு. கீழ்வீட்டு ஜுஜுனாக்கா விடுமா? நல்லா அழுத்திக் குத்துங்க, ஏரோப்ளேன்ல இருந்து எங்க பிள்ளைய எறக்கி விட்டுட்டா நீங்களா வந்து தூக்குவீங்கன்னு சத்தம் போட்டு ரெண்டாவது முத்திரையும் வாங்கிருச்சு. இப்ப ஒரே எடத்துல ரெண்டு இருக்கு. உங்க ஊர்க்காரன் யாராவது கேட்டா, ரொம்ப நல்ல நாய்க்கு ரெண்டு குத்துவாங்கன்னு சொல்லிரு.

சிரிக்கிறியா? சிரி சிரி. பேச்சு பரவால்ல ரோனியா, போன கோடையில இருந்ததுக்கு இப்ப நம்ம பாஷை நல்லாவே வருது உனக்கு. அப்ப உனக்கு தண்ணி, ரொட்டி, நன்றி மூணுதான் தெரியும். ஆனா பாட்டு மட்டும் பாடுவே. எங்க மலைநாட்டுப் பாட்டப் படிக்க வந்திருக்கேன்னு மேல் ரூம எடுத்துக்கிட்டு, ஒரு மாசம் ஜன்னலத் தொறந்து வச்சுக்கிட்டு நீ பாடுன பாட்டு இருக்கே! இந்த வளவுல பதினோரு வீடு. பதினோரு வீட்டுலயும் ஜன்னலச் சாத்துனாங்க. இவன் ஒருத்தன்தான் உன் வாசப்படியில வந்து படுத்துக்கிட்டு முழுசாக் கேட்டான். அதனாலதான் அங்க போயும் இவன மறக்க முடியல உனக்கு. நியாயந்தான், இருக்குறது ஒரே ரசிகன், அவனையும் விட்டுட்டா எப்படி.

சாப்பிடு. சீஸ் ரொட்டி சூடா இருக்கும்போதே பிச்சுக்கணும். இவனுக்குக் குடுக்காதே, இவன் ஏற்கெனவே மூணு வீட்டுல முடிச்சுட்டு வந்திருக்கான்.

என்ன கேட்ட? இவன நானே ஏன் வச்சுக்கலன்னா? அத விடு. ஓனர் கதைய யாரும் சொல்லலையா உனக்கு? நீ போன்ல, சியாலா அத்தை, இவன எங்கிட்டக் குடுத்துருங்க, என்ன பண்ணணுமோ பண்ணலாம்னு சொன்னதும், மறுநாளே டாக்டர்கிட்டப் போனோம். நான், ஜுஜுனாக்கா, வாஜா அண்ணன், அப்புறம் இவன். டாக்டர் சின்னப் பொண்ணு பாவம். நாய்க்கு ஓனர் யாருன்னு கேட்டா. நாங்க மூணு பேரும் ஒரே நேரத்துல நான்தான்னோம். சரி, பேரு என்னன்னா. ஜுஜுனாக்கா கூர்ஷான்னுச்சு. வாஜா அண்ணன் மெட்ரோ ரயில் ஓட்டி ரிட்டயரானவரு, அவருக்கு எதுவும் பதவியோட இருக்கணும், ஜெனரல்னாரு. நான் பேரே வைக்கல. வாடான்னா வருவான், போடான்னா போக மாட்டான், அதுக்கு எதுக்குப் பேரு?

டாக்டர் சொன்னா, ஒரு நாய்க்கு ஒரு ஓனர், ஒரு பேருதான் எழுத முடியும்னு. அவ்வளவுதான். அங்க பெஞ்சுல கூடைக்குள்ள இருந்த பூனையெல்லாம் நடுங்கிருச்சு எங்க சத்தத்துல. எலும்பு போட்டவ நானுன்னு அக்கா, குட்டியா வந்தப்ப கோட்டுக்குள்ள போட்டுத் தூக்கியாந்தவன் நானுன்னு அண்ணன். கடைசியா எங்க மூணு பேருக்கும் வேணாம், கண்ணுக்கெட்டாத தூரத்துல இருக்குறவளுக்குப் போகட்டும்னு உன் பேர எழுதச் சொன்னோம். அதுலதான் சமாதானம். நீ ஓனர் ஆனது எங்களுக்கு உன்மேல நம்பிக்கை வந்து இல்ல கண்ணு, எங்களுக்குள்ள நம்பிக்கை இல்லாம. பேரும் அப்படித்தான், கூர்ஷா ஜெனரல். ஏர்போர்ட்டுல அந்தப் பேரச் சொல்லிக் கூப்பிட்டா தைரியமா எந்திரிச்சுப் போ. மிலிட்டரிக்காரர் யாரோன்னு வழி விட்டாலும் விடுவாங்க.

இரு, இன்னும் இருக்கு. வெறிநாய் ஊசி போட்டாச்சான்னு கேட்டா டாக்டரு. இவன் காதுல மஞ்ச வில்லை இருக்குல்ல, அது கார்ப்பரேஷன்காரன் பிடிச்சுட்டுப் போயி ஊசி போட்டு மாட்டி விட்டது, இந்தத் திபிலிசி ஊரு தெருநாய்க எல்லாத்துக்கும் இருக்கும். அது ஒரு ஊசி. அதுக்குள்ள ஜுஜுனாக்கா கைப்பையில இருந்து ஒரு அட்டைய எடுக்குது. நான் தனியாக் கூட்டிட்டுப் போயிப் போட்டேன், இவங்கள நம்பி இருந்தா ஆகுமான்னு. வாஜா அண்ணன் சட்டைப் பையில இருந்து இன்னொரு அட்டைய எடுத்து மேசையில வைக்கிறாரு. நான் என்ன செய்ய? நானும் எடுத்து வச்சேன். ஒருத்தருக்கொருத்தர் தெரியாம ஆளுக்கொரு ஊசி! இவனப் பாரு, மூஞ்சியப் பாரு, ஒரு வார்த்தை சொல்லல எங்கிட்ட. அன்னைக்கு, இவனுக்கு நாலாவது தரமா, ஆஸ்பத்திரி வாசல்ல எறங்கும்போதுதான் காலப் பரப்பி உக்காந்துட்டான். அப்பவே சந்தேகப்பட்டிருக்கணும்.

கேளு, அந்த டாக்டர் எல்லா அட்டையையும் ஒரு ஓரமாத் தள்ளிட்டா. இதெல்லாம் செல்லாது, முதல்ல தோலுக்கடியில சிப்பு வைக்கணும், அதுக்கப்புறம் போடுற ஊசிதான் கணக்குன்னுட்டா. ஜுஜுனாக்கா எந்திரிச்சுருச்சு. அப்ப இத்தனை நாளு போட்ட ஊசியெல்லாம் யாருக்குப் போட்டது, எனக்கான்னு கேக்குது. வாஜா அண்ணன், அந்தச் சிப்பு வச்சா இவன் எங்க சுத்துறான்னு தெரியுமான்னாரு. தெரியாது, நம்பர் மட்டுந்தான் இருக்கும்னா. நம்பர வச்சு நாங்க என்ன செய்ய, சோறா ஊட்ட முடியும்னு முணுமுணுத்தாரு. சரின்னோம். சிப்பு அரிசி மணியாட்டம் இருந்துச்சு, வச்சாங்க. மறுபடி ஊசி.

அப்புறம் ஒரு மாசம் கழிச்சு ரத்தம். இது எனக்கே புரியல. ஊசி போட்டாச்சு, அது வேலை செய்யுதான்னு பாக்க ரத்தம் எடுக்கணுமாம், அதையும் உங்க நாட்டு ஆய்வுக்கூடத்துல தான் பாப்பாங்களாம். முன்னங்கால்ல முடியச் செரச்சு, சின்னக் குப்பியில எடுத்து அனுப்பிட்டாங்க. இவனுக்கு முன்னாடி இவன் ரத்தம் ஜெர்மனி போயிருச்சு. எங்க வளவுலயே வெளிநாடு பாத்த ரத்தம் இவனோடதுதான். முடிவு நல்லா வந்துச்சு, தெரியுமே உனக்கு. வாஜா அண்ணன் வீட்டு வீட்டுக்குப் போயி, நம்ம பய பாஸ் பண்ணிட்டான்னு சொல்லி அன்னைக்கு ராத்திரி வளவுல ஒயின் ஊத்துனாரு. எழுந்து நின்னு கிளாசத் தூக்கி, எல்லையத் தாண்டப் போற நம்ம பிள்ளைக்குன்னு ஆரம்பிச்சவரு, பாதியில கிளாசக் காலி பண்ணிட்டு உக்காந்துட்டாரு. நாங்க அவரக் கேலி பண்ணிக்கிட்டே அழுதோம்.

ரத்தம் எடுத்த நாள்ல இருந்து மூணு மாசம் காத்திருக்கணும்னாங்களா, அதுலதான் வந்துச்சு வினை. அங்க போயி என்னத்த திம்பான், டப்பாவுல இருக்குற கொட்டையத்தான போடுவாங்கன்னு ஜுஜுனாக்கா ஆரம்பிச்சுருச்சு. காலையில கோழிக் குடலு, மத்தியானம் பயறு வச்ச ரொட்டி, சாயங்காலம் யாரு வீட்டுல விருந்தோ அந்த எலும்பு. இவன ஏரோப்ளேன்ல ஏத்த நீ அனுப்புன பெட்டி வந்து, வாஜா அண்ணன் சாயம் போகாத எழுத்துல பேரெல்லாம் எழுதி வச்சாரு. அதுக்குள்ள இவன் தின்னு கொழுத்துட்டான். உள்ள நுழைச்சுப் பாத்தா, நுழைஞ்சான், திரும்ப முடியல. நாய் உள்ள நிக்கணும், திரும்பணும், படுக்கணும், அப்பத்தான் ஏத்துவாங்களாம். பின்னாடியே நடந்து வெளிய வந்தான் பாரு, கல்யாண வீட்டுல தப்பான ரூமுக்குள்ள போயிட்ட மாப்பிள்ளை மாதிரி. அதான் இப்ப வாசல்ல கிடக்குதே, அது புதுப் பெட்டி. பெருசு. நீ அனுப்புனதுல என் பீங்கான் தட்டெல்லாம் வச்சிருக்கேன், கோவிச்சுக்காதே.

பெட்டிக்குள்ள போவானான்னு பயப்படாதே. ஜுஜுனாக்கா ஒரு வாரமாப் பழக்குது. இவன் போகலன்னு அதுவே தலைய விட்டுக் காட்டுச்சு. தலை போயிருச்சு, வரலை. அண்ணன்தான் கதவக் கழட்டுனாரு. இத அக்காகிட்டக் கேட்டுறாதே, உன்ன ஊருக்கு அனுப்பாது.

சரி, உங்க நாடு கேட்டதெல்லாம் நாங்க செஞ்சாச்சு. இப்ப எங்க பக்கம் கேக்குறத நீ கேட்டுக்கோ. எழுதவெல்லாம் வேணாம், பேனாவ உள்ள வை. இவன் வீட்டுக்குள்ள இருந்ததே இல்ல. கதவச் சாத்துனா இவனுக்கு ஏன்னு புரியாது, தப்புப் பண்ணிட்டோம்னு நெனச்சுக்குவான். மொதல்ல கொஞ்ச நாளு கதவ ஒருக்களிச்சு வை. ஒருத்தர் வீட்டுச் சாப்பாடு மட்டும் சாப்பிட்டுப் பழக்கமில்ல, அதனால உன் தட்ட எடுத்துக்கிட்டு பக்கத்துல உக்காந்து சாப்பிடு, அப்பத்தான் தொடுவான். கயிறு கட்டினா அவமானமாப் பாப்பான். ரோட்டத் தாண்ட நீ சொல்லித் தர வேணாம், ரோட்டுல போட்டிருக்குற வெள்ளைக் கோட்டுமேல ஆளுக கூடத்தான் தாண்டுவான், வண்டிக்காரன் நிக்கலன்னா குரைப்பான். உங்க ஊர்ல எல்லாரும் நிப்பாங்களாமே, பாவம், குரைக்க ஆளில்லாம இவனுக்குப் போரடிச்சுரும்.

உங்க பில்டிங்குல பக்கத்து வீட்டுக்காரங்க பேசிக்குவாங்களா? வணக்கம் மட்டுமா? அது போதாது கண்ணு. இவன் காலையில பதினோரு வாசலுக்கும் போயி ஒரு தலைய ஆட்டிட்டு வர்றவன். ரெண்டு வாசலாவது ஏற்பாடு பண்ணி வை. நீ கேக்க வெக்கப்பட்டா, கதவத் தொறந்து விட்டுரு, அவனே பாத்துக்குவான்.

நான் ஏன் வச்சுக்கலன்னு மறுபடியும் அதையே கேக்குற. நீ விட மாட்ட போல. பிடிவாதக்காரிதான், இல்லன்னா ஒரு மாசம் அப்படிப் பாடுவியா.

இத ஜுஜுனாக்காகிட்டச் சொல்லாதே. அதுகிட்ட நான் பதூமியில தங்கச்சி வீட்டுக்கு ரெண்டு வாரம்னு சொல்லியிருக்கேன். பள்ளிக்கூடச் சமையல் வேலை போயிருச்சு எனக்கு, அம்பத்தி மூணு வயசுல வேற யாரும் கூப்பிடல. இத்தாலியில, பாரின்னு கடலோர ஊரு, அங்க ஒரு பெரியம்மா படுத்த படுக்கை. குளிப்பாட்டணும், ஊட்டணும், ராத்திரி கூடப் படுத்துக்கணும். நம்ம ஊர்ப் பொம்பளைக நெறைய பேரு அங்க அதுக்குத்தான இருக்காங்க. நாய் கூட்டிட்டு வரலாமான்னுதான் நான் மொதல்ல கேட்டேன். சம்பளத்தக்கூட அப்புறந்தான் கேட்டேன். கூடாதுன்னுட்டாங்க.

எனக்கு எந்தச் சிரமமும் இல்ல தெரியுமா. சிப்பு இல்ல, ரத்தம் இல்ல. பாஸ்போர்ட்டக் காட்டுனா மூணு மாசம் சுத்திப் பாத்துட்டு வான்னு விட்டுருவாங்க. இவன் மூணு மாசம் காத்துக் கெடந்தான், இனிமே சாகுற வரைக்கும் அங்க இருக்கலாம். எனக்கு அந்த மூணு மாசத்தோட சரி. அதுக்கப்புறம் நான் அங்க இருக்குறதா யாருக்கும் தெரியக்கூடாது. நல்ல காகிதம் இவனுக்குத்தான் கெடச்சுது. கெடைக்கட்டும். எனக்கு அதுல பொறாமையில்ல, நெசமாத்தான் சொல்றேன்.

ஜுஜுனாக்கா வச்சுக்காதான்னு கேக்குறியா? தங்கமா வச்சுக்கும். ஆனா ரெண்டு வருசம் முன்னாடி ஆபரேஷனுக்கு நான் வெளியூரு, குதாயிசி ஆஸ்பத்திரிக்குப் போனேன். பத்து நாளு. நான் பெட்டியோட பஸ் ஏறுனதப் பாத்துட்டான். பத்து நாளும் அந்த ஸ்டாப்பு ஓரத்துல மழையில உக்காந்திருந்தான். அக்கா எலும்பத் தூக்கிட்டுப் போயிக் கெஞ்சுச்சு, அண்ணன் கோட்டப் போட்டு மூடுனாரு. ஒரு வாய் திங்கல. ஒவ்வொரு பஸ் கதவு தொறக்கும்போதும் எந்திரிச்சு நின்னானாம். பத்து நாளு தாங்குனான். வருசக்கணக்குன்னா என்ன செய்வான்?

அதனாலதான் உன்ன இந்த வாரமே வான்னு அவசரப்படுத்துனேன். வியாழக்கிழமை எனக்கு இத்தாலிக்குப் பஸ்ஸு. உனக்கு நாளைக்குக் காலையில ஏரோப்ளேன். நாளைக்கு நான் வாசல்ல நின்னு சிரிச்சுக்கிட்டே போடான்னு சொல்லுவேன், எப்பவும் போல போக மாட்டான், நீயும் வாஜா அண்ணனும் பெட்டியோட தூக்கிரணும். இவன் போறத நான் பாத்துக்குவேன் கண்ணு. நான் போறத இவன் பாக்க வேணாம்.