கிணற்றோர வரிசையில் எதிரே நின்றவர்

என் பெயர் பாண்டிச்செல்வி. வயது 33. கணவர் பெயர் சுருளிவேல். நிலக்கோட்டைக்குக் கிழக்கே கள்ளிமேட்டுத் தோட்டத்தில் வசிக்கிறேன். சொந்தமாக மல்லிகை விவசாயம். என் கணவரைக் காணவில்லை என்று இந்தக் காவல் நிலையத்தில் நான் கொடுத்த புகாரை, ஆள் திரும்பிவிட்டார் என்று சொல்லி முடிக்கப் போவதாக அறிந்தேன். அதற்கு எனக்குச் சம்மதமில்லை. இப்போது என் வீட்டில் இருப்பவர் என் கணவர் இல்லை. நான் தெளிந்த புத்தியோடுதான் சொல்கிறேன்.

சென்ற பங்குனி முதல் எங்கள் கிணற்றை ஒட்டிய வரிசையில் மட்டும் மொக்குகள் காணாமல் போயின. பூத்திருட்டு என்று நினைத்து நானும் என் கணவரும் காவல் இருந்தோம். யாரும் வரவில்லை. அதன் பிறகு ஒருநாள் விடியற்காலையில் என் கணவர் பறித்துக்கொண்டிருந்தபோது, அவர் கைக்கு முன்னால் இருந்த மொக்கு அவர் தொடாமலே இல்லாமல் போனதை நான் என் கண்ணால் பார்த்தேன். குறி சொல்லும் கோடாங்கியிடம் போகலாம் என்றேன். என் கணவர் என்னைக் கேலி செய்துவிட்டு, தனக்குப் பழக்கமான கல்லூரி இயற்பியல் ஆசிரியர் மரியராஜை அழைத்து வந்தார்.

இந்த உலகத்தை ஒட்டி இதே போல இன்னொரு உலகம் இருக்கிறது என்றும், இரண்டு வீட்டுக்குப் பொதுச்சுவர் போல நடுவில் ஓர் எல்லை உண்டு என்றும், இரண்டு பக்கமும் ஒரே ஆள் ஒரே இடத்தில் ஒரே வேலையை நாள்தோறும் செய்தால் அந்த இடத்தில் எல்லை தேயும் என்றும், ஒரு பக்கத்தில் செய்வது மாறினால் அப்போதே இறுகிவிடும் என்றும் மரியராஜ் சொன்னார். "அந்தப் பக்கமும் ஒரு சுருளிவேல் இதே வரிசையில பூ எடுக்கிறாரும்மா" என்றார். இதற்குக் கோடாங்கியே தேவலை என்று நினைத்தேன். என் கணவரோ பள்ளிக்கூடப் பிள்ளை போல வாயைப் பிளந்து கேட்டார்.

அதன் பிறகு எல்லை தேய்வதை அளக்க மரியராஜ் அந்த வரிசையின் இரண்டு முனையிலும் கம்பி நட்டு ஒயர் கட்டினார். தினமும் பறிப்பது போலவே பறிக்க வேண்டும், எதையும் மாற்றக் கூடாது என்றார். தன் வரிசையை முதலில் முடித்தவர் அடுத்தவர் வரிசையில் எதிர்முனையிலிருந்து பறித்துக்கொண்டு வந்து நடுவில் சேர்வது எங்கள் பக்கத்து வழக்கம். மகளைப் பள்ளிக்கு அனுப்பும் அவசரத்தில் நான் பல மாதங்களாக அப்படிச் சேர்ந்ததில்லை. அன்று பள்ளி விடுமுறை. என் வரிசையை முடித்ததும் கைப்பழக்கத்தில் எதிர்முனையில் நுழைந்துவிட்டேன். மரியராஜ் கத்தினார். எனக்குக் காது அடைத்தது.

நிமிர்ந்தபோது எதிரே அதே கைலியோடு அவர் நின்றார். என்னைப் பார்த்ததும் மடியை விட்டுவிட்டார். பூ எல்லாம் மண்ணில் கொட்டியது. "செல்வி, ஒனக்கு நாந்தானே கொள்ளி வச்சேன்" என்றார். மோட்டார் ரூம் படியில் உட்கார்ந்திருந்த என் மகள் சுகன்யாவைக் காட்டி, "இந்தப் புள்ள யாரு?" என்று கேட்டார். அப்போதுதான் நான் பயந்தேன். அவருடைய உலகத்தில் நானும் வயிற்றுப் பிள்ளையும் பிரசவத்திலேயே போய்விட்டோம் என்று பின்னர் சொன்னார்.

நான் நுழைந்ததில் எல்லை சட்டென்று இறுகி இரண்டு பேரும் பக்கம் மாறிவிட்டார்கள், இரண்டு பக்கமும் பழையபடி பறித்து வந்தால் எல்லை மறுபடி தேயும், அதுதான் வழி என்று மரியராஜ் சொன்னார். மறுநாள் மரியராஜ் தங்கியிருந்த அறை பூட்டியிருந்தது, கைப்பேசியும் அணைந்திருந்தது. நான் புகார் கொடுத்தேன். கைரேகை ஒத்துப்போகிறது என்கிறீர்கள். ஒத்துப்போகத்தான் செய்யும். என் கணவரின் இடது கையில் மோட்டார் ஸ்டார்ட்டர் சுட்ட தழும்பு உண்டு, இவருக்கு இல்லை. தழும்பு மறையும் என்று சொல்லிவிட்டீர்கள்.

அதன் பிறகு நான் இவர் காலில் விழுந்து, தினமும் அந்த வரிசையில் பறிக்கச் சொன்னேன். மனமில்லாமல் பறித்தார். முந்தாநாள் காலை இவர் கைக்கு முன்னால் ஒரு மொக்கு மறைந்தது. என் கணவர் அங்கே உயிரோடு பறித்துக்கொண்டிருக்கிறார் என்று தெரிந்து நான் சத்தம் போட்டு அழுதேன். இவரும் அதைப் பார்த்தார். நான் பூவை எடுத்துக்கொண்டு மார்க்கெட்டுக்குப் போய்த் திரும்புவதற்குள், அந்த வரிசைச் செடி அம்புட்டையும் கடப்பாரையால் வேரோடு தோண்டிப் போட்டிருந்தார். ஏன் இப்படிச் செய்தீர்கள் என்று கேட்டேன். "இன்னொரு தடவ ஒங்க ரெண்டு பேரையும் விட்டுட்டு என்னால போக முடியாது செல்வி" என்றார்.

இவர் என்னைத் தொட்டதில்லை, திட்டியதும் இல்லை. ராத்திரி வாசலில்தான் படுக்கிறார். சுகன்யா இவரை அப்பா என்று கூப்பிடுகிறாள். இவர் நல்லவராக இருப்பதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது. நாள் போகப்போக எனக்கும் பழகிவிடுமோ என்று பயமாக இருக்கிறது. என் கணவர், என் படத்துக்கு மாலை போட்ட வீட்டில் தனியாக இருக்கிறார். இங்கே செடி இல்லை என்பது தெரியாமல் விடிந்ததும் அந்த வரிசைக்குத்தான் போவார்.

மரியராஜைக் கண்டுபிடித்துத் தர வேண்டும். புகாரை முடிக்கக் கூடாது. மேலே எழுதியதைப் படித்துக்காட்டக் கேட்டேன், நான் சொன்னபடியே இருக்கிறது, ஒன்றும் கூட்டவில்லை, குறைக்கவில்லை. என்னை வீட்டுக்குக் கூட்டிப்போக என் வீட்டில் இருப்பவர் சுகன்யாவோடு வெளியே வண்டியில் காத்திருப்பதால் இத்துடன் முடித்துக் கையெழுத்திடுகிறேன்.

(ஒப்பம்) சு. பாண்டிச்செல்வி